ஸ்கிப்பிங் ஆரம்பிக்கணும்: கயிறு, தரை, முன்னங்கால் வலி, அந்த ஆயிரம் தாண்டல் கணக்கு

செம்பனை_ஷிப்ட் கேட்டது:

வணக்கம். மலேசியாவுல பகாவ் பக்கம், தாமான் (குடியிருப்பு) வீடு. வயசு 36, உயரம் 168 செ.மீ., எடை 84 கிலோ. செம்பனை ஆலையில ஷிப்ட் வேலை, ஜிம் திறந்திருக்கிற நேரம் நமக்கு ஒத்து வராது. வீட்டோரமா செய்யக்கூடியது ஸ்கிப்பிங்தான். தெரிஞ்சவங்க கொஞ்சம் விவரமா சொல்லுங்க.

கையில இருக்கிறது ஆன்லைன்ல வாங்கின மெல்லிய கம்பிக் கயிறு, 3 மீட்டர். அதுவே போதுமா?

இடம் மூணு இருக்கு: வீட்டு கார் போர்ச் (பாதி சிமெண்ட், பாதி டைல்ஸ்), தோட்டத்து டேவான் (மண்டபம்) ஓரத்து பேட்மிண்டன் கோர்ட், கோயில் திடல் புல்தரை. எது நல்லது?

ஏழெட்டு தாண்டலுக்கு மேல போக மாட்டேங்குது, கயிறு கட்டைவிரல்ல வந்து மாட்டுது. ஏன்?

மறுநாள் முழங்காலுக்குக் கீழ, முன்பக்க எலும்போரம் வலிக்குது. இது வழக்கமா வர்றதுதானா?

கடைசியா, தினம் ஆயிரம் தாண்டினா மாசத்துல 5 கிலோ குறையும்னு வாட்ஸ்அப்ல சுத்துதே, உண்மையா?


கோர்ட்டு_ரெண்டு எழுதியது:

கயித்துல இருந்தே ஆரம்பிப்போம் தம்பி, பாதிப் பிரச்சினை அங்கதான் இருக்கு.

உயரத்தோட 90 செ.மீ. கூட்டினா ஆரம்பக்காரருக்கான நீளம். உங்களுக்கு 258, கைப்பிடியையும் சேர்த்து. இப்ப உள்ளது 40 செ.மீ. கூடுதல். சரிபார்க்கிறது சுலபம்: கயித்து நடுவுல ஒரு காலால மிதிச்சு ரெண்டு பக்கத்தையும் நேரா மேல இழுங்க, கைப்பிடி நுனி அக்குளைத் தொடணும். தோளுக்கு மேல போனா நீளம் அதிகம். நெஞ்சுக்குழி வரைக்கும்தான்னா அது கை பழகினவங்க அளவு, இப்ப வேணாம். கம்பிக் கயிறா இருந்தா கைப்பிடி ஓரத்துல குட்டித் திருகாணி ஒண்ணு இருக்கும், அதைத் தளர்த்தி இழுத்துட்டு முறுக்கிடுங்க. மிச்ச வாலை உடனே வெட்டாதீங்க. சுருட்டி டேப் போட்டு ஒரு வாரம் தாண்டிப் பார்த்து, நீளம் ஒத்து வந்த பிறகு 3 செ.மீ. விட்டு வெட்டலாம். வெட்டின முனையில கம்பி நார் நீட்டிக்கிட்டு இருக்கும், கையைக் கிழிச்சுடும், அதுக்கு மேல டேப் சுத்தியே ஆகணும்.

ஆனா என்னைக் கேட்டா ஆரம்பத்துக்குக் கம்பிக் கயிறே வேணாம். ரெண்டரை மில்லி கனத்துல அது காத்துல எங்க போகுதுன்னு கைக்குத் தெரியாது. வேகத்துக்குன்னு செஞ்ச சாமான் அது, மெதுவா சுத்தினா வளைவு குலைஞ்சிடும். மேல உள்ள பிளாஸ்டிக் உறை சிமெண்ட்ல தேய்ஞ்சு கம்பி வெளிய வந்துடும், அப்புறம் முன்னங்கால்ல பட்டா சாட்டையடிதான். மணிக் கயிறு பாருங்க, நைலான் கயித்துல ஒரு இஞ்ச் பிளாஸ்டிக் மணிகளைக் கோத்தது. கனம் இருக்கிறதால வளைவு நிக்கும், தரையில பட்டா டக் டக்குன்னு சத்தம் வரும். அந்தச் சத்தம்தான் உங்களுக்குத் தாளம்.

கடையில கிடைக்கலைன்னா ஹார்டுவேர் கடை சாமானே போதும். அரை இஞ்ச் பி.வி.சி. குழாய்ல 15 செ.மீ. துண்டு ரெண்டு, அதுக்கு மூடி ரெண்டு, 5 மில்லி பின்னல் நைலான் கயிறு 3 மீட்டர், வாஷர் ரெண்டு, மீன் தொட்டிக்குப் போடுற மாதிரி மெல்லிய ஹோஸ் ரெண்டேகால் மீட்டர். ஹோஸோட உள்வாய் கயிறு தாராளமா நுழையிற அளவு இருக்கணும். மூடி நடுவுல 6 மில்லி ஓட்டை போடுங்க. கயித்தை வெளியிலிருந்து உள்ளே விட்டு, வாஷர் மாட்டி, முடிச்சுப் போட்டு, முடிச்சு முனையை லைட்டர்ல உருக்கிட்டு, மூடியைக் குழாயில ஒட்டுங்க. ஹோஸை ரெண்டரை செ.மீ. துண்டுகளா நறுக்கிக் கோத்துட்டு, மறுபக்கக் கைப்பிடியைக் கடைசியா மாட்டணும். ரெண்டு முனையிலயும் ரெண்டு ரெண்டு செ.மீ. காலியா விடுங்க, நெருக்கிக் கோத்தா கயிறு வளையாம விறைச்சு நிக்கும். வாஷர் போடாம விட்டா முடிச்சு ஓட்டையில சிக்கி, கயிறு சுழலாம முறுக்கிக்கும். வீட்டுக் கயிறு கெடுறது பெரும்பாலும் இந்த இடத்துலதான்.

அடுத்து, ஏழெட்டுல ஏன் மாட்டுது? கையைப் பாருங்க, காலை இல்ல. ஆரம்பத்துல கை இடுப்போரம் இருக்கும். நாலஞ்சு சுத்துக்கு அப்புறம் தோள் வேலை செய்ய ஆரம்பிச்சு கை ரெண்டும் வெளிப்பக்கம் விரியும். கை விரிஞ்சா கயித்தோட அடிவளைவு மேல ஏறும். முதல் சுத்துல தரையைத் தொட்ட கயிறு எட்டாவது சுத்துல தரைக்கு ரெண்டு விரல் மேல வரும், நேரா கட்டைவிரல்லதான் படும். நீங்க இன்னும் உசரமா குதிச்சுச் சமாளிப்பீங்க, மூச்சு வாங்கும், கை இன்னும் விரியும். ஃபோனை நேரா முன்னால நிறுத்தி ஸ்லோமோஷன்ல பிடிச்சுப் பாருங்க, கயிறு மாட்டுற அந்த நொடியில கை எங்க இருக்குன்னு தெரிஞ்சிடும்.

மருந்து ஒண்ணுதான். ரெண்டு அக்குளுக்கும் கீழ சின்னத் துண்டை மடிச்சு வெச்சு, அது விழாம சுத்தப் பழகுங்க. முழங்கை விலாவோட ஒட்டியிருக்கும், முன்கை கொஞ்சம் முன்னுக்கு நீட்டியிருக்கும், கை இடுப்பெலும்புக்குப் பக்கத்துல, நேராப் பார்த்தா ஓரக்கண்ணுல தெரியிற இடத்துல இருக்கணும். சுத்துறது மணிக்கட்டு மட்டும். கைப்பிடியை இறுக்கிப் பிடிச்சா மணிக்கட்டு பூட்டிக்கும், கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் பிடிக்க மத்த மூணும் சும்மா அணைச்சிருந்தா போதும்.

பழகுற வரிசை இதுதான். முதல்ல கயிறில்லாம ஒரே தாளத்துல இருபது குதி. குதிக்கிற உயரம் 2, 3 செ.மீ. போதும். கயித்துக் கனமே அரை செ.மீ.தான், அதுக்கு எதுக்கு ஒரு அடி எம்பணும்? முன்பாதத்துல இறங்குங்க, குதிகால் தரையை லேசா முத்தம் குடுத்துட்டு எழும்பலாம், ஆனா அதுல பாரம் இறங்கக் கூடாது. முட்டி எப்பவும் தளர்வு. அடுத்து ரெண்டு கைப்பிடியையும் ஒரே கையில பிடிச்சு, பக்கவாட்டுல சுத்திக்கிட்டே கயிறு தரையில படுற ஒவ்வொரு சத்தத்துக்கும் ஒரு குதி. வலக்கை இருபது, இடக்கை இருபது. நிறைய பேருக்கு இடக்கை தாளம் தப்பும். அப்படித் தப்பினா நிஜக் கயிறு ஒரு பக்கமாச் சாயும், அதனால இடக்கைக்குக் கூடுதல் நேரம் குடுங்க. அப்புறம்தான் நிஜத் தாண்டல். ஒண்ணே ஒண்ணு தாண்டி, கயித்தை முன்பாதத்துக்கு அடியில நிறுத்துங்க. அது பத்து தடவை ஒழுங்கா வந்தா ரெண்டு, அப்புறம் நாலு. மாட்டின இடத்துல கோபத்தோட தொடர்ந்து குதிக்காதீங்க, அந்தத் தப்புத்தான் கைக்குப் பழகும்.

ஒரு சுத்துக்கு ரெண்டு குதி வருதுன்னா, கயிறு தலைக்கு மேல இருக்கும்போதே அவசரப்பட்டு எழும்புறீங்கன்னு அர்த்தம். முன்னால தரையில படுற சத்தம் வரைக்கும் பொறுங்க. ஃபோன்ல மெட்ரோனோம் ஆப் போட்டு நிமிஷத்துக்கு 110 வெச்சுக்குங்க. மெதுவா சுத்தினா சுலபம்னு நினைக்கிறது வழக்கம். நிஜத்துல 80, 90ல கயிறு தொங்கிப் போய் இன்னும் கஷ்டமாத்தான் இருக்கும்.

தரையைப் பத்தி: புல்லு பார்க்கத்தான் மெத்து. கயிறு சிக்கும், மேடு பள்ளம் தெரியாம கணுக்கால் பிசகும், நம்ம திடல்ல தொட்டாச்சிணுங்கி வேற. போர்ச்சுல டைல்ஸ் பக்கம் வேண்டவே வேணாம், வேர்வை நாலு சொட்டு விழுந்தா வழுக்கும். சிமெண்ட் பக்கத்துல 12 மில்லி பிளைவுட் நாலுக்கு நாலடி போட்டு, அடியில பழைய ரப்பர் பாய் ஒண்ணு விரிங்க. வீட்டுல கிடைக்கிற தரையில இதைவிட நல்லது இல்ல. பிள்ளைங்க விளையாடுற நுரைப் புதிர்ப்பாயைப் போட்டுடாதீங்க. கால் அமிழ்ந்து கணுக்கால் ஆடும், துண்டுகளும் பிரிஞ்சுக்கும். தலைக்கு மேல ஒரு அடியாவது காலி இடம் வேணும், போர்ச் விளக்கைப் பார்த்துக்குங்க. கோர்ட் நல்லதுதான், ஆனா விடியக்காலையில பனி ஈரத்தைத் துடைச்சுட்டு ஏறுங்க.


முன்பாதம் எழுதியது:

வலியைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். நுட்பத்தை மேலே அண்ணன் நன்றாகவே சொல்லிவிட்டார்.

ஸ்கிப்பிங் தொடங்குபவருக்கு மூன்று விதமான வலி வரும். மூன்றையும் ஒன்றாகக் குழப்பக் கூடாது.

கெண்டைக்கால் சதை முழுவதும் கனத்து, மாடிப்படி இறங்கும்போது இழுப்பது ஒன்று. முதல் நாளைவிட இரண்டாம் நாள் கூடுதலாக இருக்கும், மூன்றாம் நான்காம் நாளில் தானாகப் போய்விடும். இதற்குப் பயப்பட வேண்டாம். அது தணியும்வரை நடை மட்டும் போதும்.

நீங்கள் சொல்வது இரண்டாவது வகையாகத் தெரிகிறது: முன்னங்கால் எலும்பின் உள்விளிம்பு ஓரமாக, கீழ்ப்பாதியில், ஒரு சாண் நீளத்துக்குப் பரவிய வலி. ஆரம்பத்தில் உடற்பயிற்சி தொடங்கும்போது வலித்து, உடல் சூடானதும் மறைந்து, முடித்த பிறகு திரும்ப வரும். சுமை கூடிவிட்டது என்று எலும்பும் அதன் மேலுறையும் சொல்லும் சேதி இது. வலியோடு தாண்டக் கூடாது. நடக்கும்போது வலி அறவே இல்லாத நிலை வரும்வரை கயிற்றைத் தொங்கவிடுங்கள். பிறகு, விட்ட இடத்தில் அல்ல, பாதி அளவில் தொடங்குங்கள்.

மூன்றாவதுதான் ஆபத்து. ஒற்றை விரலால் தொட்டுக் காட்டக்கூடிய ஒரே புள்ளியில் எலும்பின் மேல் கூர்மையான வலி, படுத்திருக்கும்போதும் விண் விண் என்று தெறிப்பது, ஒற்றைக் காலில் ஒரு தடவை குதித்தாலே உயிர் போவது. எலும்பில் நுண்விரிசல் இருக்கக்கூடும். கிளினிக்குக்குப் போங்கள். முதல் சில வாரங்களில் எக்ஸ்ரேயில் தெரியாமலும் போகலாம், ஆகவே எக்ஸ்ரே சரியாக இருக்கிறது என்பதற்காக மறுநாளே தாண்டிவிட வேண்டாம்.

குதிகாலுக்குச் சற்று மேலே உள்ள தடித்த தசைநாண், குதிநாண், காலையில் எழுந்து முதல் பத்தடி நடக்கையில் விறைத்திருந்தால் அதுவும் சுமை கூடியதன் அடையாளம்தான்.

ஏன் இப்படி ஆகிறது? மூச்சும் இதயமும் சில வாரங்களில் பழகிவிடும். நாணும் எலும்பும் மாதக் கணக்கில்தான் பழகும். எலும்பு தன்னைப் பலப்படுத்தும்போது முதலில் பழைய பகுதியைக் கரைக்கும், அப்புறம்தான் புதியதை நிரப்பும். அந்த இடைவேளையில் அது சற்றுப் பலவீனமாகவே இருக்கும். மூச்சு வாங்குவது குறைந்துவிட்டதே என்று அளவைக் கூட்டுபவர்கள் சரியாக அந்த இடத்தில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். 84 கிலோ என்றால் இதில் இன்னும் கவனம் வேண்டும்.

கயிற்றைத் தொடும் முன் மூன்று சோதனை செய்யுங்கள். அரைமணி நேரம் வேகமாக நடந்தால் வலி இருக்கக் கூடாது. சுவரைத் தொட்டபடி ஒற்றைக் காலில் நின்று குதிகாலை முழுதாக உயர்த்தி இறக்குவது, பக்கத்துக்கு இருபது முறை வர வேண்டும். ஒற்றைக் காலில் பத்து சின்னக் குதி, வலியில்லாமல். இரண்டாவது சோதனையில் பத்துப் பன்னிரண்டிலேயே நின்றுவிட்டால், ஸ்கிப்பிங்கை ஒரு மாதம் தள்ளிப்போடுவது நல்லது. அந்த மாதத்தில் குதிகால் உயர்த்தலை வாரம் மூன்று நாள், மூன்று சுற்று, சுற்றுக்குப் பன்னிரண்டு செய்யுங்கள். பாதிச் சுற்றுகளை முட்டியை மடித்து வைத்துச் செய்ய வேண்டும். ஸ்கிப்பிங்கில் அதிகம் உழைக்கும் ஆழமான கெண்டைத் தசை அப்போதுதான் வேலை செய்யும். முன்பக்கத் தசைக்கு, சுவரில் முதுகைச் சாய்த்து, பாதத்தை ஓர் அடி முன்னே வைத்து, குதிகாலில் நின்றபடி விரல்பக்கத்தை இருபது முறை மேலே தூக்குங்கள்.

அளவு இப்படி. ஒருநாள் விட்டு ஒருநாள், வாரத்துக்கு மூன்று நாள் மட்டும். முதல் இரண்டு வாரம் 15 விநாடி தாண்டல், 45 விநாடி ஓய்வு, பத்துச் சுற்று. மூன்றாவது நான்காவது வாரம் 20க்கு 40, பன்னிரண்டு சுற்று. அடுத்த இரண்டு வாரம் 30க்கு 30, அதே பன்னிரண்டு. ஏழு, எட்டாம் வாரம் 45க்கு 30, பத்துச் சுற்று. நிமிடத்துக்கு 110 என்ற தாளத்தில் முதல் வாரம் ஒரு நாளைக்குச் சுமார் 275 தாண்டல் வரும், எட்டாம் வாரம் 825. ஆக வாட்ஸ்அப்பில் முதல் நாளே செய்யச் சொல்லும் அந்த ஆயிரம், ஒழுங்காகப் போனால் இரண்டு மாதம் தாண்டித்தான் கைக்கு வரும். எந்த வாரமாவது முன்னங்கால் முணுமுணுத்தால் அதே வாரத்தை இன்னொரு முறை செய்யுங்கள். தாண்டும் நேரம், சுற்று, நாள் எண்ணிக்கை மூன்றையும் ஒரே சமயத்தில் கூட்டாதீர்கள்.

சப்பாத்து: பேட்மிண்டன் சப்பாத்து இருந்தால் அதுவே போதும். அடி தட்டை, பிடிமானம் உண்டு, முன்பாதத்தில் கொஞ்சம் மெத்தை இருக்கும். குதிகால் தடித்த ஓட்டச் சப்பாத்தில் முன்பாதத்தில் இறங்குவது சிரமம், கயிறும் பின்பக்கம் தட்டும். சிலிப்பரோடு தாண்டுவதும் வெறுங்காலோடு சிமெண்டில் தாண்டுவதும் வேண்டாம்.


கால்குலேட்டர்_சார் எழுதியது:

5 கிலோ கணக்கை நான் போடறேன்.

உடலுழைப்புக்கான ஆய்வுப் பட்டியல்ல ஸ்கிப்பிங் மூணு வேகத்துல இருக்கு. நிமிஷத்துக்கு 100க்குக் கீழ 8.8 மெட், 100லிருந்து 120 வரை 11.8, 120லிருந்து 160 வரை 12.3. ஒரு மெட்டுன்னா சும்மா உட்கார்ந்திருக்கும்போது உடம்பு எரிக்கிற அளவு, ஏறக்குறைய ஒரு கிலோ எடைக்கு ஒரு மணிக்கு ஒரு கலோரி.

84 கிலோவை 11.8ஆல பெருக்கினா மணிக்கு 991, நிமிஷத்துக்கு பதினாறரை. நிமிஷத்துக்கு 110ன்னா ஆயிரம் தாண்டலுக்கு 9 நிமிஷம். ஆக 150 கலோரி. அதுலயும் சும்மா இருந்தாலே எரியக்கூடிய பங்கு பன்னிரண்டு பதிமூணு கழியும், அதை விட்டுடுவோம். முப்பது நாளைக்கு 4,500. உடம்புக் கொழுப்பு ஒரு கிலோவுக்கு 7,700 கலோரின்னு கணக்கு வெச்சா, மாசத்துக்கு 600 கிராம் கூட வரல. 5 கிலோ குறையணும்னா தினம் 1,280 கலோரி குறையணும்.

ரொட்டி சானாய் ஒண்ணு ஏறக்குறைய 300 கலோரி, அதுவும் பருப்புக் குழம்பு இல்லாம. ஆயிரம் தாண்டல் பாதி ரொட்டிக்குச் சரி. சூசு (கெட்டிப் பால்) போட்ட தே தாரிக் டீயை ஷிப்ட்டுக்கு மூணுன்னு குடிக்கிறவங்க அதை ஒண்ணாக் குறைச்சாலே கயிறு எடுத்த அளவு வந்துடும். ஸ்கிப்பிங் வேணாம்னு சொல்லல. இதயத்துக்கும் எலும்புக்கும் அதால வர்ற பலன் தராசுல தெரியாது, அவ்வளவுதான்.

இன்னொண்ணு கவனிச்சீங்களா? 100க்குக் கீழ இருந்து 110க்கு வந்தா 8.8லிருந்து 11.8. அங்கிருந்து 150க்குப் போனா 12.3 மட்டும்தான். மூச்சு முட்ட வேகமா சுத்துறதால பெரிசா ஒண்ணும் கூடல, மாட்டி விழுறதுதான் கூடும்.

பெரியவங்களுக்கு வாரம் 75லிருந்து 150 நிமிஷம் கடுமையான உழைப்பு, இல்லைன்னா 150லிருந்து 300 நிமிஷம் மிதமான உழைப்பு, கூடவே ரெண்டு நாள் தசைப் பயிற்சின்னு உலகச் சுகாதார நிறுவனம் 2020ல சொல்லுது. ஸ்கிப்பிங்கால மட்டும் அந்த 75ஐ எட்டணும்னு ஆரம்பத்துல நினைக்காதீங்க. தாண்டாத நாள்ல நடங்க.


லயத்துப்_பொண்ணு எழுதியது:

இடையில நுழையறேன், மன்னிக்கணும். எங்க அம்மாவுக்கு 54 வயசு, இனிப்புநீர் இருக்கு, மாத்திரை சாப்பிடறாங்க. தாமான் பெண்கள் சேர்ந்து சாயங்காலம் டேவான்ல ஸ்கிப்பிங் ஆரம்பிக்கிறாங்க, அம்மாவும் போகணும்கிறாங்க. விடலாமா?


கிளினிக்_அக்கா எழுதியது:

தங்கச்சி, போகட்டும். ஆனா கயிறு தாண்டறதுக்கு முன்னாடி மூணு விஷயம் கேட்டுத் தெரிஞ்சுக்கணும். நம்ம ஆளுங்களுக்கு இது சின்ன விஷயமில்ல. 2019 தேசிய சுகாதார ஆய்வுல நாட்டுப் பெரியவங்கள்ல 18.3 விழுக்காட்டுக்கு நீரிழிவு, இந்தியர்கள்ல மட்டும் பார்த்தா 31.4. டேவான்ல பத்துப் பேர் நின்னா அதுல ரெண்டு மூணு பேராவது இருப்பாங்க.

முதல்ல பாதம். உணர்ச்சி மரத்துப் போயிருந்தா கொப்புளமோ வெடிப்போ வந்தது தெரியாது, அதுமேலயே குதிச்சுக்கிட்டு இருப்பாங்க. கிளினிக் கெசிஹாத்தான்ல (அரசு சுகாதார கிளினிக்) மெல்லிய நைலான் இழையால பாதத்துல பல இடத்துல லேசா அழுத்திப் பார்ப்பாங்க, கண்ணை மூடி உணருதான்னு சொல்லணும். அந்தச் சோதனை இந்த வருஷம் செஞ்சாச்சான்னு அம்மாகிட்ட கேளுங்க. மரத்துப் போயிருந்தா குதிக்கிற எதுவும் வேணாம்.

ரெண்டாவது கண். விழித்திரையில புது ரத்தக்குழாய் முளைச்சு, அதுக்கு லேசர் வரைக்கும் போயிருந்தா, குலுங்குற உடற்பயிற்சியால உள்ளே ரத்தம் கசியலாம். கண் டாக்டர் சரின்னு சொன்னாத்தான்.

மூணாவது மாத்திரை எதுன்னு பாருங்க. மெட்பார்மின் மட்டும்னா சர்க்கரை திடீர்னு இறங்குறது அபூர்வம். கிளிகிளாசைடோ இன்சுலினோ இருந்தா இறங்கும். கை நடுக்கம், குளிர் வேர்வை, தலை கிறுகிறுப்பு வந்தா உடனே நிறுத்திட்டு, மூணு டீஸ்பூன் சீனியைத் தண்ணியில கலக்கிக் குடிக்கணும். பை ஓரத்துல அது இருக்கணும்.

இதெல்லாம் சரியா இருந்தாலும் முதல் மாசம் கயிறில்லாம இருந்தா நல்லது. நாற்காலியில இருந்து கை ஊனாம எழுந்து உட்கார்றது பத்து, நின்ன இடத்துல நடை ரெண்டு நிமிஷம், குதிகால் உயர்த்தல் பத்து. அப்புறம் கயித்தை ஒரு கையில பக்கவாட்டுல சுத்திக்கிட்டு கால் மாத்தி மாத்தி மிதிச்சா போதும், தரையை விட்டு எழும்ப வேண்டியதில்ல. கூட்டத்துல மத்தவங்களோட தாளத்துக்கு அம்மாவும் ஆடிக்கலாம்.

அந்தக் கூட்டத்துல பிள்ளை பெத்து மூணு மாசம் ஆகாதவங்க இருந்தா அவங்களும் இப்ப தாண்டக் கூடாது. மூணு மாசம் கழிச்சும் தாண்டும்போது சிறுநீர் கசியுதுன்னா, வெட்கப்பட்டு மறைக்கிற விஷயம் இல்ல அது. இடுப்படித் தசை இன்னும் தேறலைன்னு அர்த்தம், அதுக்குத் தனிப் பயிற்சி இருக்கு, கிளினிக்ல கேட்டா சொல்லிக் குடுப்பாங்க. மார்பை இறுக்கிப் பிடிக்கிற விளையாட்டு உள்ளாடை எல்லாருக்கும் அவசியம்.


பால்மரக்காடு எழுதியது:

கம்பிக் கயிறு வேணாம்னு அண்ணன் சொன்னது சரி. ஆனா மணிக் கயிறுதான் ஒரே வழின்னு நினைச்சுடாதீங்க. தாமான் வீட்டுல விடியக்காலை மணிக் கயித்தைச் சுத்தினா பக்கத்து வீட்டுக்காரர் எழுந்து வந்துடுவார்லா, அவ்வளவு சத்தம். அஞ்சு மில்லி கனத்துல உள்ள பி.வி.சி. கயிறு நடுத்தரம், கனமும் உண்டு, சத்தமும் கம்மி. அதுல ஒரே தொல்லை, பொட்டலத்துல சுருட்டி வெச்ச மடிப்பு போகாது. அந்த வளைவோட சுத்தினா கயிறு துள்ளித் துள்ளி கால்ல மாட்டும், ஆளு தன் மேலதான் தப்புன்னு நினைச்சுக்குவாங்க. வாளியில சுடுதண்ணி ஊத்தி, கொதிக்கக் கொதிக்க வேணாம், ரெண்டு நிமிஷம் ஊற வெச்சு, உருவி நேராக்கி, ரெண்டு கைப்பிடியும் கீழ தொங்கற மாதிரி துணிக்கம்பியில போட்டுடுங்க. பிறகும் சுருட்டி மேசை டிராயர்ல போடாதீங்க, ஆணியில தொங்கட்டும்.

நேரத்தைப் பத்தி யாரும் சொல்லல. நம்ம ஊரு புழுக்கத்துல வேர்வை காயாது, அதனால உடம்புச் சூடு இறங்காது. காலை ஏழு மணிவாக்குலதான் வெளிச்சமே வருது, ஏழுலிருந்து எட்டரைக்குள்ள முடிச்சுடுங்க, இல்ல சாயங்காலம் ஆறுக்கு மேல. சாப்பிட்டு ரெண்டு மணி நேரம் ஆகியிருக்கணும். ராத்திரி ஷிப்ட் முடிஞ்சு வந்த கையோட கயித்தை எடுக்காதீங்க, தூக்கக் கலக்கத்துல தாளமும் வராது, கணுக்காலும் பிசகும். தூங்கி எழுந்து செய்ங்க. புகைமூட்டக் காலத்துல காத்து மாசுக் குறியீடு 100ஐத் தாண்டின அன்னைக்கு வெளியில தாண்டாதீங்க, அந்த மூச்சுல உள்ள போற தூசு நெஞ்சுக்குள்ள ஆழமாப் போகும்.


செம்பனை_ஷிப்ட் எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. குதிகால் உயர்த்தல் வலப்பக்கம் 14, இடப்பக்கம் 11லயே நின்னுடுச்சு. அப்ப கயிறு ஒரு மாசம் கழிச்சுத்தான். ஒரு கேள்வி பாக்கி. குத்துச்சண்டைக்காரங்க காலை மாத்தி மாத்தி ஆடுறாங்களே, அப்படிச் செஞ்சா கால் வலி குறையுமா? ஆரம்பத்துல இருந்தே அதையே பழகலாமா?


கோர்ட்டு_ரெண்டு எழுதியது:

அதுல ரெண்டு விதம் இருக்கு தம்பி. ஓடுற மாதிரி ஒத்தைக்கால் மாத்தி மாத்தித் தாண்டுறது ஒண்ணு. அதுல ஒவ்வொரு சுத்துலயும் முழு எடையும் ஒரே கால்லதான் இறங்கும், அதனால உங்களுக்கு இப்ப அது ஆகாது. குத்துச்சண்டைக்காரங்க ஆடுறது வேற. ரெண்டு காலும் தரைக்கு வரும், ஆனா பாரம் ஒரு தடவை வலது, ஒரு தடவை இடதுன்னு சாயும், மறுகால் விரல் நுனியில சும்மா தொட்டுக்கிட்டு நிக்கும். கெண்டைக்கு இடையிடையே ஓய்வு கிடைக்கிறதால அவங்க ரவுண்டு ரவுண்டா நிக்காம ஆட முடியுது.

ரெண்டு கால் தாண்டல் தடங்கலில்லாம ஐம்பது வந்த பிறகு அதைத் தொடுங்க. முதல்ல கயிறில்லாம, இடுப்பை ஆட்டாம பாரத்தை மட்டும் மாத்தப் பழகணும். கயிறோட செய்யும்போது நாலு சாதாரணம், நாலு சாய்ச்சுன்னு கலந்து போங்க. சாயுற பக்கம் தோளும் சேர்ந்து சாஞ்சா அந்தப் பக்கக் கை கீழ இறங்கிக் கயிறு கோணும், அப்ப மறுபடி அக்குள்ல துண்டை வெச்சுடுங்க.

இடது 11, வலது 14ன்னா இடப்பக்கத்தை முதல்ல செய்ங்க. இடப்பக்கம் எத்தனை வருதோ அத்தனைதான் வலப்பக்கமும்.